பிரிட்டிஷ் அரியணை யாருக்கு? மன்னர்களும் வாரிசுரிமையும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிரிட்டனில் முடி தந்தையிடமிருந்து மகனுக்குத் தானாகவே இறங்கி வருகிறது என்றுதான் பலரும் எண்ணுகிறார்கள். அந்நாட்டின் வரலாற்றைச் சற்று நெருங்கிப் பார்த்தால், பிறப்பு ஒருவரை வரிசையில் நிறுத்துகிறதே தவிர, அந்த வரிசையை எங்கே வெட்டுவது, எங்கே ஒட்டுவது என்பதைக் கடந்த சில நூற்றாண்டுகளாக நாடாளுமன்றமே முடிவு செய்து வந்திருப்பது தெரியும். வாசகர்கள் வழக்கமாக எழுப்பும் கேள்விகளுக்கு அந்தக் கோணத்திலிருந்தே இங்கே விடை தரப்படுகிறது.

ஒரு மன்னர் இறந்தால் அடுத்தவர் எப்போது மன்னராகிறார்? முடிசூட்டு விழா வரை காத்திருக்க வேண்டுமா?

வேண்டியதில்லை. முன்னவரின் உயிர் பிரிந்த அந்த நொடியிலேயே அடுத்தவர் மன்னராகிவிடுகிறார். 1952 பிப்ரவரி 6 அன்று ஆறாம் ஜார்ஜ் சாண்ட்ரிங்ஹாம் மாளிகையில் உறக்கத்திலேயே இறந்தபோது அவருடைய மூத்த மகள் எலிசபெத் கென்யாவில் இருந்தார்; செய்தி வந்து சேருவதற்குச் சில மணி நேரம் முன்பிருந்தே, தாம் அறியாமலேயே, அவர் அரசியாக இருந்தார். புனித ஜேம்ஸ் அரண்மனையில் கூடும் அரசேற்பு மன்றம் புதிய மன்னரைத் தேர்ந்தெடுப்பதில்லை. ஏற்கெனவே மன்னராகிவிட்டவரை உலகுக்கு அறிவிக்கிறது, அவ்வளவுதான். மூன்றாம் சார்லஸ் 2022 செப்டம்பர் 8 அன்று மன்னரானார், 10 அன்று அறிவிக்கப்பட்டார், 2023 மே 6 அன்றுதான் முடி சூட்டிக்கொண்டார். முடி சூட்டிக்கொள்ளாமலே ஆட்சி முடிந்துபோன ஐந்தாம் எட்வர்டும் எட்டாம் எட்வர்டும்கூட மன்னர் வரிசையில் எண்ணப்படுகிறார்கள். அரியணை ஒரு கணமும் காலியாக இருப்பதில்லை என்பதால்தான் மன்னர் இறந்த நாளிலும் அரச கொடி அரைக்கம்பத்தில் பறப்பதில்லை.

இந்த நடைமுறை ஆதியிலிருந்தே இருந்ததன்று. இடைக்காலத்தின் தொடக்கத்தில் முடிசூட்டிய நாளிலிருந்தே ஆட்சி எண்ணப்பட்டது. அதனால் இரண்டு மன்னர்களுக்கு இடையே சட்டப்படி மன்னரே இல்லாத நாட்கள் இருந்தன. 1272இல் மூன்றாம் ஹென்றி இறந்தபோது மகன் முதலாம் எட்வர்ட் சிலுவைப் போருக்குச் சென்றிருந்தார். அவர் திரும்பி வந்து முடி சூட 1274 ஆகிவிட்டது. அதுவரை நாட்டை மன்னரின்றி விட முடியாது என்பதால், தந்தையை அடக்கம் செய்த நாளிலிருந்தே அவருடைய ஆட்சி கணக்கிடப்பட்டது. ஆட்சி தொடங்க முடிசூட்டு தேவையில்லை என்ற கருத்து அங்கிருந்து வலுப்பெற்றது.

மூத்த பிள்ளைக்கே முடி என்பது தொடக்கத்திலிருந்தே இருந்த விதியா?

இல்லை, நெடுங்காலம் அது ஒரு விருப்பமாகவே இருந்தது. 1066 ஜனவரியில் எட்வர்ட் என்ற மன்னர் பிள்ளையின்றி இறக்க, அரச குருதி இல்லாத ஹரால்டைப் பெருங்குடி மக்கள் மன்னராக்கினர். அதே ஆண்டு அக்டோபர் 14 அன்று ஹேஸ்டிங்ஸ் போரில் அவரைக் கொன்று, கிறிஸ்துமஸ் நாளில் முடி சூட்டிக்கொண்ட நார்மண்டி வில்லியமும் தம் மூத்த மகன் ராபர்ட்டுக்கு நார்மண்டியைத்தான் விட்டுச் சென்றார். இங்கிலாந்து ராபர்ட்டின் தம்பியான இன்னொரு வில்லியமுக்குப் போயிற்று. 1100 ஆகஸ்ட் 2 அன்று அந்த இரண்டாம் வில்லியம் வேட்டைக் காட்டில் அம்பு பாய்ந்து இறந்தார். கூடவே வேட்டைக்குச் சென்றிருந்த கடைசித் தம்பி ஹென்றி, அண்ணனின் உடலுக்கு அருகே நின்று காலம் கடத்தாமல் வின்செஸ்டருக்கு விரைந்து கருவூலத்தைக் கைப்பற்றி, மூன்றாம் நாளே முடி சூட்டிக்கொண்டார். மூத்தவர் ராபர்ட் அப்போது சிலுவைப் போரிலிருந்து திரும்பும் வழியில் இருந்தார். முந்திக்கொண்டவருக்கே முடி என்பதுதான் அக்கால விதி.

அந்த ஹென்றியின் ஒரே சட்டபூர்வ மகன் 1120இல் ‘வெள்ளைக் கப்பல்’ மூழ்கியதில் இறந்தார். மகள் மெட்டில்டாவை ஏற்றுக்கொள்வதாகப் பிரபுக்களிடம் சத்தியம் வாங்கியிருந்தும், 1135இல் ஹென்றி இறந்ததும் அவருடைய சகோதரி மகன் ஸ்டீபன் அரியணையைப் பிடித்துக்கொண்டார். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் உள்நாட்டுப் போர் நடந்தது. கடைசியில், ஸ்டீபன் சாகும்வரை ஆளலாம், அவருக்குப் பின் மெட்டில்டாவின் மகனுக்கு முடி என்று 1153இல் உடன்பாடு ஏற்பட்டு, மறு ஆண்டு இரண்டாம் ஹென்றி அரசரானார். தாய்க்கு மறுக்கப்பட்ட உரிமை தாய் வழியாகவே மகனுக்குக் கிடைத்தது என்பது இதிலுள்ள விசித்திரம்.

வாரிசை நாடாளுமன்றம் தீர்மானிக்கும் வழக்கம் எப்போது தொடங்கியது?

1399இல் இரண்டாம் ரிச்சர்ட் பதவி இறக்கப்பட்டபோதே நாடாளுமன்றத்தின் ஒப்புதல் தேடப்பட்டது. 1485 ஆகஸ்ட் 22 அன்று போஸ்வொர்த் களத்தில் மூன்றாம் ரிச்சர்டை வென்ற ஏழாம் ஹென்றி டியூடருக்குக் குருதி வழி உரிமை மெலிதானது. வாளால் வென்ற முடியைச் சட்டத்தாலும் உறுதி செய்துகொண்டு, எதிர்க்குடும்பத்துப் பெண்ணான யார்க் எலிசபெத்தை மறு ஆண்டு மணந்தார். ஆயினும் வாரிசு வரிசையை ஒரு சட்டத்தின் பிரிவுகளாக எழுதி, திருத்தி, மீண்டும் எழுதியவர் அவருடைய மகன் எட்டாம் ஹென்றிதான்.

அவருடைய ஆறு மணங்கள் உலகறிந்த கதை. அவற்றின் சட்ட விளைவுகளே இங்கு முக்கியம். 1534ஆம் ஆண்டுச் சட்டம் முதல் மனைவியின் மகள் மேரியை ஒதுக்கி, இரண்டாம் மனைவி ஆன் பொலினின் மகள் எலிசபெத்தை வாரிசாக்கியது. இரண்டே ஆண்டுகளில் ஆன் தலை வெட்டப்பட, 1536ஆம் ஆண்டுச் சட்டம் எலிசபெத்தையும் ஒதுக்கி, வாரிசை உயிலால் நியமிக்கும் அதிகாரத்தையும் மன்னருக்குத் தந்தது. 1544இல் மூன்றாவது சட்டம்: மகன் எட்வர்டுக்குப் பின் மேரி, பிறகு எலிசபெத். வேடிக்கை என்னவென்றால், இரு மகள்களையும் வரிசையில் மீண்டும் சேர்த்த அச்சட்டம், அவர்களை முறையான பிள்ளைகள் என்று அறிவிக்கவே இல்லை. முறைப்படி பிறந்தவருக்கே முடி என்ற பழைய நம்பிக்கையைவிட நாடாளுமன்றத்தின் ஏடு வலியது என்பது அன்றே நிறுவப்பட்டுவிட்டது.

ஒன்பது வயதில் அரசரான ஆறாம் எட்வர்ட் 1553இல் சாகும் தறுவாயில், சகோதரிகள் இருவரையும் ஒதுக்கிவிட்டு உறவுப் பெண் ஜேன் கிரேக்கு முடியை எழுதி வைத்தார். அதற்கு நாடாளுமன்றத்தின் ஒப்புதல் இல்லை. ஜூலை 10 அன்று அரசியாக அறிவிக்கப்பட்ட ஜேன் 19 அன்று, சட்டம் குறித்திருந்த மேரியிடம் வீழ்ந்தார். மறு ஆண்டு பிப்ரவரியில் கொல்லப்பட்டார். பதின்ம வயதுப் பெண்ணொருத்தியைப் பெரியவர்கள் தம் ஆசைக்குப் பகடைக்காயாக்கிய இக்கதையைப் படிக்கும்போது, மன்னரின் விருப்பத்துக்கும் நாட்டின் சட்டத்துக்கும் இடையே அகப்பட்டவர் அவர்தான் என்று தோன்றுகிறது.

ஆனால் சட்டமும் எப்போதும் வெல்லவில்லை. எட்டாம் ஹென்றியின் உயில், ஸ்காட்லாந்துக்கு மணமாகிச் சென்ற அக்காள் மார்கரெட்டின் வழியைத் தாண்டிச் சென்றது. இருந்தும் 1603 மார்ச் 24 அன்று முதலாம் எலிசபெத் மணமாகாமல் இறந்தபோது, அந்த மார்கரெட்டின் கொள்ளுப் பேரனான ஸ்காட்லாந்து மன்னர் ஆறாம் ஜேம்ஸ்தான் இங்கிலாந்தின் முதலாம் ஜேம்ஸாக அரியணை ஏறினார். அமைச்சர்கள் அவரைத்தான் விரும்பினார்கள். உயிலை எவரும் நினைவூட்டவில்லை.

மன்னரே இல்லாமல் பிரிட்டன் இருந்ததுண்டா?

உண்டு. 1649 ஜனவரி 30 அன்று முதலாம் சார்லஸ், லண்டன் வைட்ஹால் விருந்து மண்டபத்துக்கு வெளியே, தலை வெட்டிக் கொல்லப்பட்டார். பின்னர் குடியரசும், ஆலிவர் குரோம்வெல்லின் ஆட்சியும் 1660 வரை நீடித்தன. மன்னர் பட்டத்தை மறுத்த குரோம்வெல்லுக்குப் பின்னும் அவருடைய மகன் ரிச்சர்ட்தான் பொறுப்புக்கு வந்தார் என்பதைக் கவனிக்க வேண்டும். ஆனால் அவரால் ஓராண்டுகூடத் தாக்குப்பிடிக்க முடியவில்லை. 1660 மே மாதம் இரண்டாம் சார்லஸ் திரும்பியபோது, அவருடைய ஆட்சி தந்தை இறந்த 1649இலிருந்தே எண்ணப்பட்டது. இடைப்பட்ட பதினொரு ஆண்டுகள் சட்ட ஏடுகளிலிருந்து துடைக்கப்பட்டன.

கத்தோலிக்கர் ஏன் பிரிட்டிஷ் மன்னராக முடியாது?

இதற்கான விடை 1688க்கும் 1714க்கும் இடையே நடந்தவற்றில் இருக்கிறது.

இரண்டாம் சார்லஸுக்கு மணவாழ்வுக்கு வெளியே பிள்ளைகள் பலர் இருந்தும், அரசியின் வயிற்றில் பிறந்த பிள்ளை ஒன்றுமில்லை. ஆகவே 1685இல் தம்பி இரண்டாம் ஜேம்ஸ் மன்னரானார். அவர் கத்தோலிக்கர். அவருடைய முதல் மணத்து மகள்களான மேரியும் ஆனும் புராட்டஸ்டன்ட்களாக வளர்ந்தவர்கள் என்பதால், வயதான மன்னர் போனால் தீர்ந்தது என்று நாடு பொறுத்திருந்தது. 1688 ஜூன் 10 அன்று இரண்டாம் மனைவிக்கு ஆண் குழந்தை பிறந்ததும் அந்தக் கணக்குத் தவறியது. படுக்கையைச் சூடாக்கும் பாத்திரத்தில் ஒளித்து எவர் பிள்ளையையோ கொண்டுவந்து கிடத்திவிட்டார்கள் என்ற வதந்தி பரவியது. பிரசவ அறையில் சாட்சிகள் நிறைந்திருந்தும் அந்த வதந்தி நம்பப்பட்டது என்றால், மக்கள் நம்ப விரும்பினார்கள் என்றுதான் கொள்ள வேண்டும்.

மேரியின் கணவரும் ஜேம்ஸின் சகோதரி மகனுமான ஆரஞ்சு வில்லியம் நெதர்லாந்திலிருந்து படையுடன் வந்து நவம்பர் 5 அன்று டோர்பேயில் இறங்கினார். ஜேம்ஸ் அரச முத்திரையைத் தேம்ஸ் ஆற்றில் எறிந்துவிட்டுத் தப்பியோடினார். ஓடியதே முடி துறந்ததற்குச் சமம் என்று முடிவு செய்யப்பட்டது. 1689இல் வில்லியமும் மேரியும் இணையரசர்களாயினர். அதே ஆண்டின் உரிமைச் சட்டம், கத்தோலிக்கரும் கத்தோலிக்கரை மணந்தவரும் அரியணை ஏறத் தடை விதித்தது.

சிக்கல் அத்துடன் தீரவில்லை. மேரிக்குப் பிள்ளை இல்லை. ஆன் பதினேழு முறை கருவுற்றும், கைக்குழந்தைப் பருவத்தைத் தாண்டி வளர்ந்த ஒரே மகன் 1700இல் பதினொரு வயதில் இறந்தான். எனவே 1701இல் வாரிசுரிமைத் தீர்வுச் சட்டம் இயற்றப்பட்டது. அரியணைக்கு நெருங்கிய உரிமை கொண்ட ஐம்பதுக்கும் மேற்பட்ட கத்தோலிக்க உறவினர்களைத் தாண்டிச் சென்று, முதலாம் ஜேம்ஸின் பேத்தியும் ஜெர்மனியின் ஹானோவர் அரச குடும்பத்தவருமான சோஃபியாவையும் அவருடைய புராட்டஸ்டன்ட் வழித்தோன்றல்களையும் அது வாரிசாக்கியது. சோஃபியா 1714 ஜூன் 8 அன்று, அரசி ஆனுக்குச் சில வாரங்கள் முன்பாக, இறந்துபோனார். ஆகஸ்ட் 1 அன்று ஆனும் இறக்க, சோஃபியாவின் மகன், ஆங்கிலம் சரளமாகப் பேசாத ஐம்பத்து நான்கு வயது ஜெர்மானியர், முதலாம் ஜார்ஜாக லண்டன் வந்தார். தப்பியோடிய இரண்டாம் ஜேம்ஸின் வழியினர் 1715இலும் 1745இலும் கிளர்ந்தெழுந்தனர். 1746 ஏப்ரலில் கலோடன் போரோடு அவர்களுடைய நம்பிக்கை முறிந்தது. இன்றைய மன்னர் மூன்றாம் சார்லஸ் அமர்ந்திருப்பதும் 1701ஆம் ஆண்டுச் சட்டத்தின் பலத்தால்தான்.

விக்டோரியா எப்படி அரசியானார்?

மூன்றாம் ஜார்ஜுக்குப் பிள்ளைகள் பதினைந்து பேர். அவ்வளவு பேர் இருந்தும், 1817இல் மூத்த மகனின் ஒரே மகள் சார்லட் பிரசவத்தில் இறந்தபோது, உயிரோடிருந்த சட்டபூர்வப் பேரக்குழந்தை ஒன்றுகூட இல்லை. நடுவயது கடந்த இளவரசர்கள் அவசர அவசரமாக மணம் செய்துகொண்டார்கள். நான்காவது மகன் எட்வர்டுக்கு 1819 மே 24 அன்று விக்டோரியா பிறந்தார். பெரியப்பா நான்காம் வில்லியம் 1837 ஜூன் 20 அன்று இறந்தபோது விக்டோரியாவுக்குப் பதினெட்டு வயது நிறைந்து நான்கு வாரம்கூட ஆகவில்லை. அந்த வயது நிறையுமுன் வில்லியம் இறந்திருந்தால் விக்டோரியாவின் தாய் ஆட்சிப் பொறுப்பாளராகியிருப்பார். அதைத் தவிர்ப்பதற்காகவே உயிரோடிருக்க விரும்புவதாக வில்லியம் ஒரு விருந்தில் எல்லார் முன்னிலையிலும் சொன்னவர். முதலாம் ஜார்ஜ் காலத்திலிருந்து பிரிட்டிஷ் மன்னரே ஆண்டுவந்த ஹானோவரில் ஆண் வாரிசு இருக்கப் பெண் ஆள முடியாது என்பதால், அந்த நாடு விக்டோரியாவின் சிற்றப்பாவுக்குப் போய், நூற்று இருபத்து மூன்று ஆண்டு இணைப்பு அறுந்தது.

தஞ்சை வரலாறு அறிந்தவர்களுக்கு இவ்விடத்தில் ஒன்று உறுத்தும். 1855இல் மராட்டிய மன்னர் சிவாஜி ஆண் வாரிசின்றி இறந்தபோது, மகள் இருந்தும் அந்த உரிமையை ஏற்காமல் கிழக்கிந்தியக் கம்பெனி அரசை எடுத்துக்கொண்டது. அந்த நேரத்தில் லண்டன் அரியணையில் பதினெட்டு ஆண்டுகளாக அமர்ந்திருந்தவர் ஒரு பெண்.

எட்டாம் எட்வர்ட் ஏன் முடி துறந்தார்?

1936 ஜனவரி 20 அன்று ஐந்தாம் ஜார்ஜ் இறக்க, எட்டாம் எட்வர்ட் மன்னரானார். ஏற்கெனவே ஒருமுறை மணவிலக்குப் பெற்று, இரண்டாம் கணவரிடமிருந்தும் விலகிக்கொண்டிருந்த அமெரிக்கப் பெண் வாலிஸ் சிம்ப்சனை மணக்க அவர் விரும்பினார். மன்னர் இங்கிலாந்துத் திருச்சபையின் தலைவர். மணவிலக்குப் பெற்றவர்கள் முன்னாள் துணை உயிரோடிருக்க மறுமணம் செய்வதை அத்திருச்சபை அப்போது ஏற்கவில்லை. மனைவியாக இருக்கட்டும், அரசிப் பட்டம் வேண்டாம் என்ற சமரசத்தையும் பிரதமர் ஸ்டான்லி பால்ட்வினின் அரசு மறுத்தது.

டிசம்பர் 10 அன்று எட்வர்ட் முடி துறப்பு ஆவணத்தில் கையெழுத்திட, தம்பிமார் மூவரும் சாட்சியிட்டனர். ஆனால் அந்தக் கையெழுத்து போதவில்லை. மறுநாள் நாடாளுமன்றம் சட்டம் இயற்றிய பிறகே அவருடைய 326 நாள் ஆட்சி முடிந்தது. பிரிட்டிஷ் மன்னர் தம் விருப்பப்படி பதவி விலகக்கூட முடியாது என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் நிகழ்ச்சி இல்லை. அவருக்குப் பிறக்கக்கூடிய பிள்ளைகளுக்கும் அச்சட்டம் உரிமையை மறுத்தது. அயர்லாந்து தன் சட்டத்தை ஒரு நாள் கழித்து இயற்றியதால், அந்த ஒரு நாள் டப்ளினுக்கு எட்வர்டும் லண்டனுக்கு ஆறாம் ஜார்ஜும் மன்னர்களாக இருந்தார்கள். அண்ணனுக்காகக் குறிக்கப்பட்டிருந்த 1937 மே 12 அன்றே தம்பி முடி சூட்டிக்கொண்டார்.

மணவிலக்குப் பெற்றவரான இன்றைய மன்னர், 2005இல் மணவிலக்குப் பெற்றவரான கமிலாவை மணந்தார். 2023இல் இருவருக்கும் ஒரே நாளில் முடி சூட்டப்பட்டது. மாறியது திருச்சபையின் நிலையும் மக்களின் மனமுமே.

இன்றைய வரிசையில் ஆணுக்கு முன்னுரிமை உண்டா?

2011 அக்டோபர் 28க்குப் பின் பிறந்தவர்களுக்கு இல்லை. அதற்கு முன்வரை, அக்காளைத் தாண்டித் தம்பி முன்னே செல்வான். இரண்டாம் எலிசபெத்துக்கு ஒரு தம்பி பிறந்திருந்தால் அவர் அரசியாகியிருக்க மாட்டார். 2013ஆம் ஆண்டு அரியணை வாரிசுரிமைச் சட்டம் இதை நீக்கியது. வில்லியம், அவருடைய மகன் ஜார்ஜ் ஆகியோருக்கு அடுத்து மூன்றாம் இடத்தில் இருக்கும் சார்லட், 2018இல் தம்பி லூயி பிறந்தபோதும் இடம் இழக்கவில்லை. கத்தோலிக்கரை மணப்பவர் உரிமை இழப்பார் என்ற விதியும் போயிற்று. ஆனால் கத்தோலிக்கராகவே இருப்பவருக்கான தடை அப்படியே நிற்கிறது. வரிசையில் முதல் ஆறு இடங்களில் இருப்பவர்கள் மன்னரின் இசைவு பெற்றே மணக்க வேண்டும்.

மன்னர் சிறுவராகவோ நோயுற்றோ இருந்தால்?

1422இல் ஆறாம் ஹென்றி மன்னரானபோது அவருக்கு ஒன்பது மாதம். 1483இல் பன்னிரண்டு வயது ஐந்தாம் எட்வர்டைப் பாதுகாக்க வேண்டிய சிற்றப்பாவே மூன்றாம் ரிச்சர்டாக முடி சூட்டிக்கொண்டார்; லண்டன் கோட்டையில் வைக்கப்பட்ட எட்வர்டும் தம்பியும் பிறகு எவர் கண்ணிலும் படவில்லை. மூன்றாம் ஜார்ஜ் மனநலம் குன்றியபோது, 1811 முதல் 1820 வரை மகன் அவருடைய இடத்தில் ஆண்டார். இப்போது 1937ஆம் ஆண்டுச் சட்டம் நடைமுறையில் உள்ளது: மன்னர் பதினெட்டு வயதுக்குக் கீழே இருந்தால், வரிசையில் அடுத்துள்ள தகுதியான வயதுவந்தவர் ஆட்சிப் பொறுப்பாளராவார். மன்னரால் இயலவில்லை என்று அறிவிக்க, அவருடைய வாழ்க்கைத் துணை, நீதித்துறைத் தலைவர்கள், மக்களவைத் தலைவர் முதலிய ஐவரில் மூவரேனும் சான்றளிக்க வேண்டும்.

இந்தியாவும் இலங்கையும் இந்த வாரிசுரிமையால் பாதிக்கப்பட்டனவா?

ஆம். கண்டியின் கடைசி மன்னர், நாயக்கர் மரபினரான ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன், 1815 மார்ச் 2 அன்று கையெழுத்தான உடன்படிக்கையால் நீக்கப்பட்டார். அவருடைய உறவினர்களின் உரிமையும் அதே ஏட்டில் மறுக்கப்பட்டது. இங்கிலாந்தில் 1689இலும் 1701இலும் ஒரு மரபையே சட்டத்தால் விலக்கியவர்கள் கண்டியிலும் அதைத்தான் செய்தார்கள். ராஜசிங்கன் வேலூருக்குக் கொண்டுவரப்பட்டு 1832இல் அங்கேயே இறந்தார். கண்டியின் புதிய மன்னரான மூன்றாம் ஜார்ஜோ, பார்வையும் நினைவும் தவறி விண்ட்சர் கோட்டையில் முடங்கிக் கிடந்தார்; தமக்கு ஒரு நாடு கூடியதை அவர் உணர்ந்திருக்க வாய்ப்பு மிகக் குறைவு.

விக்டோரியா 1876இல் இந்தியப் பேரரசி என்ற பட்டத்தை ஏற்றார். அதன்பின் லண்டனில் முடி கைமாறும்போதெல்லாம் இந்தியாவின் பேரரசரும் மாறினார். 1936இல் இந்தியாவுக்கும் ஒரே ஆண்டில் மூன்று பேரரசர்கள். விடுதலைக்குப் பின்னும், 1950 ஜனவரி 26 வரை, ஆறாம் ஜார்ஜ்தான் இந்தியாவின் மன்னர். இலங்கையில் 1972 மே 22 அன்று குடியரசு மலரும்வரை இரண்டாம் எலிசபெத் அரசியாக இருந்தார்.

மன்னர் தமக்குப் பிடித்தவரை வாரிசாக நியமிக்க முடியுமா? ஒருவரை வரிசையிலிருந்து நீக்க முடியுமா?

இரண்டும் அவரால் முடியாது. பட்டங்களைப் பறிப்பது வேறு, வரிசையிலிருந்து நீக்குவது வேறு. மன்னரின் தம்பி ஆண்ட்ரூ 2025இல் பட்டங்களை இழந்தபோதும் வரிசையில் அவருக்கிருந்த இடம் அத்துடன் போய்விடவில்லை. நீக்க வேண்டுமானால் நாடாளுமன்றம் சட்டம் இயற்ற வேண்டும். கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து உள்ளிட்டு அதே மன்னரைத் தலைவராகக் கொண்ட மற்ற பதினான்கு நாடுகளின் இசைவும் வேண்டும். 2013ஆம் ஆண்டுச் சட்டத்துக்கு அந்த இசைவுகளைத் திரட்டியபோது, ஆஸ்திரேலியாவில் ஆறு மாநிலங்களும் தனித்தனியே சட்டம் இயற்ற வேண்டியிருந்தது. அதனால் லண்டனில் நிறைவேறிய சட்டம் நடைமுறைக்கு வர 2015 மார்ச் 26 ஆகிவிட்டது.